எல்லம்மாவுக்கு ஆதாரம்

ஐம்பதுகளில் ஓசூர் வட்டாரத்தில் பிறந்த குழந்தைகள் எல்லாம் இரண்டு தரம் அழுதவை. பிறந்தவுடன் ஒரு தரம். ஆதாரம் ஐயா தொட்டிலுக்குள் குனிந்து பெயர் விசாரித்தபோது இன்னொரு தரம். இரண்டாவது தரம் பெரும்பாலும் பெற்றோரும் சேர்ந்து அழுதிருப்பார்கள்.

அவருக்கு வீட்டில் வைத்த பெயர் ஒன்று இருந்தது. அது தபால்காரருக்குத் தெரியும், பென்ஷன் கொடுக்கிறவர்களுக்குத் தெரியும். மற்றவர்களுக்கு அது தேவைப்படவில்லை. எதிரில் 'ஐயா' என்றோம். முதுகுக்குப் பின்னால் 'ஆதாரம்' என்றோம். காரணம், அவர் எந்தப் பேச்சையும் அந்த ஒரு சொல்லில்தான் முடிப்பார். குழந்தையின் பெயர் என்ன, அது எந்த பாஷை, என்ன அர்த்தம், அந்த அர்த்தத்தை யார் சொன்னது என்று வரிசையாகக் கேட்டுக்கொண்டே வந்து, கண்ணாடிக்கு மேலாக நம்மைப் பார்த்து, "ஆதாரம்?" என்பார். அதற்குப் பதில் சொன்னவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

நிலம் அளக்கும் சர்வேயராக இருந்து ஓய்வு பெற்றவர். தேன்கனிக்கோட்டையிலிருந்து ராயக்கோட்டை வரை அளவுச் சங்கிலி பிடித்து நடந்த கால்கள் அவருக்கு. வீட்டில் தெலுங்கு, ஆபீசில் தமிழ், காய்கறிக்காரியிடம் கன்னடம். மனைவி காலமாகிவிட்டார். மகன் கோயம்புத்தூரில் ஏதோ மில்லில் இருந்தான். அளக்க நிலம் இல்லாத மனிதர் என்ன செய்வார்? பெயர்களை அளக்கத் தொடங்கிவிட்டார்.

நான் அப்போது ஓசூர் பஸ் ஸ்டாண்டில், ஒரு தனியார் பஸ் கம்பெனியின் புக்கிங் ஆபீசில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஆபீஸ் என்றால் ஒரு ஜன்னல், ஒரு ஸ்டூல், வெளியே ஒரு பெஞ்சு. கிருஷ்ணகிரிக்கும் பெங்களூருக்கும் போகிற கைக்குழந்தைக்காரிகள் எல்லோரும் அந்தப் பெஞ்சில்தான் உட்கார வேண்டும். ஆகவே அவரும் அங்கேயே உட்கார்ந்தார். காக்கி அரை டிராயர், மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை, மழையோ வெயிலோ விரிக்காத குடை. என்னை 'புக்கிங்' என்று கூப்பிடுவார். என் பெயரின் அர்த்தத்தில் அவருக்குத் திருப்தி இல்லை.

ஒருநாள் பாகலூர்க்காரர் ஒருவர் ஆண் குழந்தையோடு வந்தார். பெயர் கேசவன் என்றார். அழகான தலைமுடி உள்ளவன் என்று அர்த்தமாம், புரோகிதர் சொன்னாராம். ஆதாரம் ஐயா குழந்தையின் குல்லாவை மெல்லத் தூக்கிப் பார்த்தார். உள்ளே தேய்த்து வைத்த செம்பு மாதிரி பளபளப்பு. குல்லாவைத் திரும்ப வைத்தார்.

"கேசின்னு ஒரு அரக்கன். அவனைக் கொன்னவன்னும் ஒரு அர்த்தம் இருக்கு. முடி மொளைக்கிற வரைக்கும் அதை வெச்சுக்கோங்க" என்றார்.

எங்கள் கண்டக்டர் சின்னப்பாவைப் பிடித்தது இன்னொரு கூத்து. தமிழிலும் தெலுங்கிலும் 'சின்ன' என்றால் சிறியது. கன்னடத்திலோ 'சின்ன' என்றால் தங்கம். அத்திப்பள்ளி தாண்டினால் நீ தங்கம், திரும்பி வந்தால் பொடியன், இந்த ரூட்டில் ஓடுகிறவரை உனக்கு நிரந்தர அர்த்தம் கிடையாது என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார். சின்னப்பா அதற்கப்புறம் அத்திப்பள்ளியில் மைசூர் ராஜ்ய எல்லைக்குள் நுழைந்ததும் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ள ஆரம்பித்தான். அங்கே பயணிகளிடம் மரியாதையும் எதிர்பார்த்தான்.

தெற்கேயிருந்து மாற்றலாகி வந்த ஓர் அதிகாரியின் வீட்டில், குழந்தையைப் பார்த்துக்கொள்ள மத்திகிரியிலிருந்து பாப்பம்மா என்றொரு பெண்ணை அனுப்பினார்கள். அதிகாரியின் மனைவி அரண்டுவிட்டார். பாபம் என்றால் பாவம், பாவத்துக்கே அம்மாவா, இவள் கையில் எப்படிக் குழந்தையைக் கொடுப்பது என்று வாசலிலேயே நிறுத்திவிட்டார். கேள்விப்பட்ட ஆதாரம் ஐயா, யாரும் கூப்பிடாமலே அங்கே போய் நின்றார். தெலுங்கில் பாப்பா என்றால் குழந்தை. பெயரிலேயே குழந்தைக்கு அம்மா என்று இருப்பவளைவிட இந்த வேலைக்குப் பொருத்தமானவள் வேறு யார் என்று விளக்கினார். அம்மையாருக்குப் பரம திருப்தி. அதோடு எழுந்து வந்திருந்தால் காப்பி கிடைத்திருக்கும். போகிற போக்கில் குழந்தையின் பெயரைக் கேட்டார். துர்கா என்றார்கள். "கிட்ட நெருங்க முடியாதவள்னு அர்த்தம். இந்தக் கொழந்தைய யாராலும் தூக்க முடியாதே, ஆயா எதுக்கு?" என்று கேட்டிருக்கிறார். அதற்குப்பின் அந்தத் தெருப் பக்கம் அவர் போகவில்லை.

சந்தையில் ஒருவன் குழந்தைப் பெயர்ப் புத்தகம் விற்றான். ஒவ்வொரு பெயருக்கும் எதிரே அர்த்தம் அச்சடித்திருக்கும். ஆதாரம் ஐயா ஒரு பிரதி வாங்கி, பெஞ்சில் உட்கார்ந்து ஒரு வாரம் படித்தார். அடுத்த சந்தைக்கு விற்றவனைத் தேடிப் போனார். நானும் வேடிக்கை பார்க்கப் போனேன். பாதிப் பெயர்களுக்கு அழகு, மீதிப் பாதிக்குச் செல்வம் என்று போட்டிருக்கிறதே, மற்ற அர்த்தமெல்லாம் எங்கே என்று கேட்டார். அவன் கொஞ்சமும் அசரவில்லை. நிஜமான அர்த்தத்தைப் போட்டால் யார் வாங்குவார்கள் என்று திருப்பிக் கேட்டான். ஆதாரம் ஐயா, "இந்தச் சந்தையிலேயே நாணயமா பதில் சொன்ன ஆளு நீதான்" என்று சொல்லி, அவனுக்கு ஒரு சோடா வாங்கிக் கொடுத்தார்.

நாளாக ஆகத் தாய்மார்கள் உஷாராகிவிட்டார்கள். பெஞ்சுப் பக்கம் வந்தாலே, "பேரு இன்னும் வெக்கலீங்க" என்று முந்திக்கொண்டு சொன்னார்கள். பள்ளிக்கூடப் பையோடு நின்ற பிள்ளைக்கும் பெயர் வைக்கவில்லை என்றார்கள். வெளியூர்க்காரர் ஒருவர், இந்த ஊரில் பத்து வயது வரை பெயர் வைக்கிற வழக்கமில்லையா என்று என்னிடம் விசாரித்தார்.

இதெல்லாம் எனக்கு வேடிக்கையாகத்தான் இருந்தது, என் வீட்டுக்குள் வரும்வரை.

என் ஊர் காவேரிப்பட்டினத்துக்குப் பக்கம். என் மனைவி நாகரத்னா ஆனேக்கல் பக்கம், நிலபுலன் உள்ள வீட்டுப் பெண். நாங்கள் தமிழ், அவர்கள் கன்னடம். தூரத்து உறவு என்று யாரோ கண்டுபிடித்துச் செய்த கல்யாணம். கல்யாணம் ஆனதிலிருந்து என் அப்பாவும் மாமனாரும் எந்த விஷயத்திலும் ஒத்துப்போனதில்லை. ராகிக் களியைக் கையால் உருட்டுவதா, கரண்டியால் எடுப்பதா என்பதில்கூட அவர்களுக்குள் ஒரு மனத்தாங்கல் உண்டு.

நாகரத்னா ஆனேக்கலில் பெண் குழந்தை பெற்றாள். எல்லம்மா என்று பெயர் வைக்க வேண்டும் என்றாள். உலக அதிசயமாக இரண்டு பெரியவர்களுமே உடனே சரி என்றார்கள். எங்கள் ஊரிலும் எல்லம்மா கோயில் இருந்தது, அவர்கள் ஊரிலும் இருந்தது. இருவருக்கும் பொதுவாக நடுவில் இருக்கட்டும் என்று, ஓசூரில் நான் வாடகைக்கு இருந்த வீட்டிலேயே பெயர் சூட்டு விழா வைத்தோம். ஆதாரம் ஐயாவையும் கூப்பிட்டேன். பக்கத்துத் தெருவில் இருப்பவரைக் கூப்பிடாமல் இருக்க முடியாது. கூப்பிடாவிட்டாலும் வந்திருப்பார்.

பெயர் வைத்தாயிற்று. இலை போட்டாயிற்று. சாம்பாரை முடித்து ரசத்துக்குக் குழி பண்ணியபடி ஆதாரம் ஐயா சாவகாசமாகக் கேட்டார். "பேரு நல்லாருக்கு. அர்த்தம்?"

என் அப்பாவுக்கு மார்பு விரிந்தது. "எங்க ஊரு எல்லையில நிக்கிறவ. எல்லையம்மா. அதான் எல்லம்மா" என்றார்.

மாமனார் கையில் எடுத்த அப்பளத்தைக் கீழே வைத்தார். அவருக்குத் தமிழ் வரும், கொஞ்சம் சாய்ந்து வரும். "எல்லைக்கும் அவளுக்கும் என்ன சம்பந்தம்? எல்லா அம்மா. எல்லாருக்கும் அம்மா. கன்னடப் பேரு இது" என்றார்.

அதுவரைகூடப் பரவாயில்லை. மொழிவாரியாக மாநிலம் பிரிக்கப் போகிறார்கள், ஓசூர் இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று டீக்கடைக்கு டீக்கடை பேச்சு ஓடிக்கொண்டிருந்த காலம் அது. பந்தியில் இருந்த பக்கத்து வீட்டுக்காரர் ஒருவர், ஆர்வம் தாங்காமல், அந்த எல்லை இப்போ எங்கே வருகிறது, ஊருக்கு அந்தப் பக்கம் அத்திப்பள்ளியிலா, இந்தப் பக்கம் சூளகிரியிலா என்று கேட்டுவிட்டார்.

என் அப்பா எல்லையை ஆனேக்கலுக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய் வைத்தார். மாமனார் அதைத் தூக்கிக் கிருஷ்ணகிரி மலைக்குப் பின்னால் வைத்தார். ரசம் ஊற்ற வந்தவர் எந்தப் பக்கம் ஊற்றுவது என்று தெரியாமல் நின்றார். பாயசம் வருவதற்குள் மாமனார் எழுந்து கை கழுவினார். மகளையும் பேத்தியையும் கூட்டிக்கொண்டு பெங்களூர் பஸ்ஸில் ஏறினார். அந்த பஸ்ஸுக்கு நானே டிக்கெட் கொடுத்தேன். நாகரத்னா பஸ் நகரும்போது என்னைப் பார்த்தாள். அது கோபமா வருத்தமா என்று எனக்குப் பிடிபடவில்லை.

திரும்பி வீட்டுக்கு வந்தால், ஆதாரம் ஐயா இரண்டாம் தரம் பாயசம் வாங்கிக்கொண்டிருந்தார்.

அடுத்த நாள் வழக்கம்போல் பெஞ்சுக்கு வந்து, விசாரணை முடியவில்லை என்றார். நான் கெஞ்சினேன். உங்கள் சொல்லுக்கு இரண்டு பேருமே மதிப்புக் கொடுப்பார்கள். என் அப்பாவிடம் எல்லை என்று சொல்லுங்கள், மாமனாரிடம் எல்லாரும் என்று சொல்லுங்கள், என் பெண்டாட்டி வீடு வந்து சேரட்டும் என்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ஒரே நெலத்துக்கு ரெண்டு பேர்கிட்ட ரெண்டு அளவு சொன்னதில்ல புக்கிங். இனிமேலும் சொல்ல மாட்டேன்."

அன்றிலிருந்து அவருடைய சைக்கிள் பூமியில் நிற்கவில்லை. என் ஊருக்குப் போய்ப் பூசாரியைப் பிடித்தார். பூசாரி, தன் தாத்தா சொன்னார் என்றார். தாத்தாவுக்கு யார் சொன்னது என்று கேட்டதில் பூசாரி கோயிலைப் பூட்டிக்கொண்டு போய்விட்டார். ஆனேக்கலில் ஒரு கன்னடப் பண்டிதரைப் பார்த்தார். அவர் எல்லாரும் என்றுதான் அர்த்தம் என்று அடித்துச் சொன்னார். ஆதாரம் கேட்டதும் தலைவலி வந்து உள்ளே போனார். தெலுங்கில் 'எல்ல' என்றால் எல்லையும் உண்டு, எல்லாமும் உண்டு. அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் சங்கடம் தெரிந்தது. தன் வீட்டு பாஷையே இந்த விஷயத்தில் ஒத்துழைக்க மாட்டேனென்கிறது என்று குறைப்பட்டுக்கொண்டார்.

நானும் ஒருநாள் ஆனேக்கல் போய் வந்தேன். மாமனார் காப்பி கொடுத்தார், மழை எப்படி என்று கேட்டார், பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று நினைவுபடுத்தினார். கதவுக்குப் பின்னால் குழந்தை சிணுங்குவது மட்டும் கேட்டது. என் அப்பாவோ, வந்தால் அவர்கள் வரட்டும் என்று இருந்துவிட்டார். வாரங்கள் ஓடின. சோறு வடிக்கத் தெரியாமல் நான் பஸ் ஸ்டாண்டு ஓட்டலில் இட்லியே தின்று கொண்டிருந்தேன்.

ஒரு காலை, பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஆதாரம் ஐயா ஜன்னல் பக்கம் திரும்பினார்.

"இந்தப் பேரை மொதல்ல சொன்னது யாரு?"

நாகரத்னா என்றேன்.

"ஏன் வெக்கணும்னு அவளைக் கேட்டியா?"

இல்லை என்றேன்.

"நானும் கேக்கல" என்றார். அவர் முகத்தை அப்படி நான் அதற்கு முன் பார்த்ததில்லை. சங்கிலியைத் தப்பான கல்லிலிருந்து பிடித்துவிட்ட சர்வேயரின் முகம். உடனே எழுந்துவிட்டார். என்னையும் கிளம்பச் சொன்னார். ஜன்னலைச் சின்னப்பாவிடம் ஒப்படைத்துவிட்டுக் கிளம்பினேன்.

மாமனார் எங்களைக் கூடத்தில் உட்காரவைத்தார். அவர் ஆரம்பிக்கும் முன்பே, மகளைக் கூப்பிடுங்கள், அவளிடம்தான் பேச வந்தேன் என்றார் ஆதாரம் ஐயா. நாகரத்னா குழந்தையோடு வந்து தூணோரம் நின்றாள். அவர் எழுந்து நின்று, அதிகாரியிடம் கேட்பது போல மரியாதையாகக் கேட்டார். எல்லம்மா என்று ஏன் வைக்கச் சொன்னாள், எந்தக் கோயில் என்று.

அவள் அப்பாவை ஒருமுறை பார்த்தாள். பிறகு குரலை உயர்த்தாமல் சொன்னாள்.

"சாமி பேரு இல்லீங்க. எங்கம்மா என்னைப் பெத்துட்டுப் படுத்தவ எழுந்திருக்கல. எங்க ராகிக் காட்டுல வேலை செய்யற எல்லம்மா, அவ கொழந்தைக்குக் குடுத்த பால்ல பாதியை எனக்குக் குடுத்தா. ரெண்டு வருசம். அவ பேருதான் இது."

மாமனார் கூரையில் உள்ள உத்திரங்களைப் பார்க்கத் தொடங்கினார். எனக்கு இது எதுவும் தெரியாது. அந்த வீட்டில் யாரும் சொன்னதில்லை. நிலத்தில் வேலை செய்கிறவள் பெயரைப் பேத்திக்கு வைக்கிறோம் என்று சொல்ல வாய் வராமல்தான், மாமனார் சாமியைப் பிடித்துக்கொண்டிருக்கிறார் என்பது அப்போதுதான் புரிந்தது.

ஆதாரம் ஐயா பழக்கத்தை விடவில்லை. ஆனால் குரல் இறங்கியிருந்தது. "ஆதாரம்?" என்றார்.

"நான் இருக்கேனே" என்றாள் நாகரத்னா.

அவர் தலையை ஆட்டினார். வெகுநேரம் ஆட்டினார். பிறகு, இன்னொரு சாட்சியையும் பார்த்துவிட வேண்டும் என்று குடையை எடுத்துக்கொண்டு காட்டுக்கு நடந்தார். நான் பின்னாலேயே போனேன்.

எல்லம்மா களை எடுத்துக்கொண்டிருந்தாள். மெலிந்த, உயரமான பெண்பிள்ளை. எங்களைக் கண்டதும் முந்தானையை இழுத்துக்கொண்டு வரப்போரம் ஒதுங்கி நின்றாள். உன் பெயருக்கு என்னம்மா அர்த்தம் என்று அவர் கன்னடத்தில் கேட்டார். அவளுக்குக் கேள்வியே விளங்கவில்லை. இரண்டாம் தரம் கேட்டபோது சிரித்துவிட்டாள்.

"கரெத்ரெ பர்த்தீனி, அஷ்டே" என்றாள். கூப்பிட்டால் வருவேன், அவ்வளவுதான்.

யார் சொன்னது என்று அவர் கேட்கவில்லை. வெயிலை அண்ணாந்து பார்த்தார். பிறகு, நான் பார்த்த வரையில் முதல் தடவையாக அந்தக் குடையை விரித்தார். தனக்குப் பிடித்துக்கொள்வார் என்று நினைத்தேன். அவளிடம் நீட்டினார். அவள் வாங்க மறுத்துவிட்டாள். களை எடுக்கக் கை இரண்டும் வேண்டுமே என்றாள்.

வீட்டுக்குத் திரும்பியதும் நாகரத்னா தன் நிபந்தனையைச் சொன்னாள். எல்லம்மா ஓசூருக்கு வந்து, அவள் வாயால் குழந்தையின் காதில் பெயரைச் சொல்ல வேண்டும். அப்படியென்றால் நாளைக்கே புருஷன் வீடு. மாமனார் கைகளைப் பிசைந்தார். ஊரில் நாலு பேர் நாலு விதமாகக் கேட்பார்களே, என்ன பதில் சொல்வது என்றார்.

"என்கிட்ட அனுப்புங்க" என்றார் ஆதாரம் ஐயா.

மாமனார் அவரை ஏற இறங்கப் பார்த்தார். அந்த ஒரு மாதத்தில் ஆனேக்கலுக்கும் அவரைத் தெரிந்துவிட்டிருந்தது. அவரிடம் அனுப்பப்படுவதைவிட எதையும் கேட்காமல் இருப்பதே மேல் என்று ஊர் முடிவுசெய்துவிடும் என்பது மாமனாருக்கும் தெரிந்தது. அவர் சரி என்று சொல்லவில்லை. மாட்டேன் என்றும் சொல்லவில்லை. எங்களுக்கு அது போதும்.

எல்லம்மாவை ஆதாரம் ஐயாவே போய் பஸ்ஸில் அழைத்து வந்தார். அவள் வாசலோடு நின்றுவிட்டாள். உள்ளே வரச் சொன்னால், இங்கேயே இருக்கிறேன், குழந்தையைக் கொண்டுவாங்க என்றாள். நாகரத்னா குழந்தையை என் கையில் திணித்துவிட்டு வாசலுக்குப் போய், அவள் மணிக்கட்டைப் பிடித்து ஒரே இழுப்பாக உள்ளே இழுத்து வந்து பாயில் உட்காரவைத்தாள். என் அப்பா நகர்ந்து இடம் விட்டார். எல்லம்மா குழந்தையை மடியில் வாங்கி, காதோரம் குனிந்து என்னமோ சொன்னாள். பெயர் மட்டுமில்லை, கொஞ்சம் நீளமாகவே சொன்னாள். என்னவென்று எங்களுக்குக் கேட்கவில்லை. குழந்தை அவள் காதில் கிடந்த ஓலைச் சுருளைப் பிடித்து இழுத்தது. அழவில்லை.

மாமனார் தாமதமாக வந்தார். தெருவில் கொஞ்சநேரம் செருப்பைத் தட்டிக்கொண்டிருந்துவிட்டு உள்ளே வந்து பந்தியில் உட்கார்ந்தார். என் அப்பா அவர் காதுபட, எல்லை தாண்டி வந்து பெயர் வைத்திருக்கிறாள், எல்லையம்மாதான் என்றார். மாமனார், தன் பிள்ளைக்கும் பால், என் பிள்ளைக்கும் பால், எல்லாருக்கும் அம்மாதான் என்றார். இரண்டு பேருமே ஜெயித்த திருப்தியோடு அப்பளத்தை நொறுக்கினார்கள். இரண்டையும் கேட்டுக்கொண்டிருந்த ஆதாரம் ஐயா வாயைத் திறந்தார். நாங்கள் எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டோம். அவர் பாயசம் இன்னும் கொஞ்சம் வேண்டும் என்றார்.

அடுத்த வருஷமே அவர் மகன் வந்து, தனியாக இருந்தது போதும் என்று கோயம்புத்தூருக்குக் கூப்பிட்டான். அவருக்கு முட்டி வலி வந்திருந்தது, ஒத்துக்கொண்டார். மாலை கிருஷ்ணகிரி பஸ்ஸுக்கு என்னிடம்தான் டிக்கெட் வாங்கினார். அங்கே இருக்கிற பெயர்களை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது, மில் நிறைய ஆட்களாம் என்று சொல்லிக்கொண்டே ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தார்.

எங்கள் கம்பெனி பஸ் மணி தவறாமல் புறப்படும் என்று பெயர் வாங்கியது. நான் ஸ்டூலில் இருந்த காலம் முழுவதும் அந்தப் பெயரைக் காப்பாற்றியவன். அன்று மாலை பஸ் தாமதமாகத்தான் போயிற்று. முதலாளி கூப்பிட்டுக் காரணம் கேட்டார். பின்பக்க டயர் என்று சொன்னேன்.

டயருக்கு ஒன்றுமில்லை. நாகரத்னா குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்து சேர வேண்டியிருந்தது.